எல்லையிலிருந்து வந்த சிரிப்பு

அமெரிக்கப் போர் நாவல்களில் வரும் நையாண்டியைப் பற்றி ஆய்வு செய்துகொண்டிருந்தேன். பிணங்களுக்கு நடுவே சிப்பாய்கள் ஜோக்கடிப்பது எனக்குப் பிடிக்கவில்லை. போரின் வலியைச் சொல்லத் தெரியாத எழுத்தாளர்கள் சிரிப்புக்குள் ஒளிந்துகொள்கிறார்கள் என்று கட்டுரையை முடித்திருந்தேன். கள்ளக்குறிச்சியில் ஒரு கல்லூரிக் கருத்தரங்கில் அதை வாசிக்க வேண்டும்.

அந்த வாரம் பார்த்து எல்லையில் சண்டை மூண்டது. ராணுவத்தில் இருந்த அண்ணனிடமிருந்து போனே இல்லை. கச்சிராயபாளையத்து வீட்டில் அண்ணி சாப்பிடாமல், வாசலுக்கும் டிவிக்குமாக நடந்துகொண்டிருந்தார். நான் கட்டுரையைத் திறப்பேன், மூடுவேன், மறுபடி அண்ணனுக்குப் போன் போடுவேன்.

கருத்தரங்கன்று காலை நான் பஸ்ஸுக்குக் கிளம்பும்போது அவனே கூப்பிட்டான். அண்ணி ஸ்பீக்கரில் போட்டார்.

"எங்க கீறீங்க? இன்னா ஆச்சுங்க?"

"எனக்கு ஒன்னும் ஆவல. குண்டு வந்து எங்க சமையக்கட்டு மேல வியுந்துச்சு. உப்புமாதான் செத்துப்போச்சு. அது ஒழியணும்னுதான் எல்லாரும் வேண்டிக்கினு இருந்தோம்!"

அண்ணி அழுதுகொண்டே சிரித்தார். நானும் சிரித்தேன். நாங்கள் நிறுத்திய பிறகும் அண்ணன் சிரித்துக்கொண்டே இருந்தான். அப்புறம் அவன் மூச்சு வாங்கும் சத்தம் மட்டும் கேட்டது.

"சமையக்கட்டுல யாருண்ணே இருந்தாங்க?" என்றேன்.

"நம்ம கரும்பு வெட்டியாச்சா?" என்று கேட்டான்.

அன்று மேடையில் கட்டுரையின் கடைசிப் பக்கத்தை வாசிக்க எனக்கு வாய் வரவில்லை. "இந்த முடிவு தவறு, நான் திருத்தி எழுத வேண்டும்" என்று சொல்லிவிட்டு இறங்கினேன்.

இப்போதெல்லாம் அந்த நாவல்களில் ஒரு சிப்பாய் சிரித்தால், உடனே பக்கத்தைத் திருப்ப என்னால் முடிவதில்லை.