நான் கட்டிய செங்கல் ஊர்

எங்கள் மாமாவுக்கு ஒரு பூனையை அதட்டத் தெரியாது. பால் சட்டிக்குள் தலையை விட்டிருக்கும் பூனையிடம்கூட, கொஞ்சம் தள்ளிப் போகிறாயா என்று கேட்கிற ஆள். அப்படிப்பட்டவர், மனிதர்கள் ஏன் கூட்டம் கூட்டமாகச் சேர்ந்து அடித்துக்கொள்கிறார்கள் என்பதைப் பல்கலைக்கழகத்தில் இரண்டு வருஷமாக ஆராய்ந்துகொண்டிருந்தார். அம்மாவின் தம்பி. நாகர்கோவிலிலிருந்து வந்து திருவனந்தபுரத்தில் எங்கள் வீட்டு முன்னறையில் தங்கியிருந்தார். அந்த அறைச் சுவர் முழுக்க வெள்ளைத் தாள் ஒட்டி, கட்டங்கள் போட்டு, கட்டத்துக்குக் கட்டம் அம்புக்குறி இழுத்திருந்தார். எனக்கு அப்போது எட்டு வயது. அது ஏதோ ஒரு ஊருக்குப் போகிற வழி என்று நெடுநாள் நினைத்திருந்தேன்.

கேட்டால் அலுக்காமல் சொல்லுவார். ஒரு பொருள் கொஞ்சமாக இருந்து கேட்கிறவர்கள் நிறைய இருந்தால் சண்டை வரும். அது ஒரு கட்டம். அடுத்தவன் அடித்துவிடுவானோ என்ற பயத்தில் இவன் கம்பை எடுக்க, இவன் கையில் கம்பைப் பார்த்து அவனும் எடுப்பது இன்னொன்று. பழைய அவமானத்துக்கு ஒரு கட்டம், சண்டையால் ஆதாயம் பார்க்கிற தலைவர்களுக்கு ஒரு கட்டம். எனக்குப் பிடித்தது வேறு. காரணமே வேண்டாம், ஒரு கோட்டைக் கிழித்து இந்தப் பக்கம் நீங்கள், அந்தப் பக்கம் அவர்கள் என்று சொன்னாலே போதுமாம். எங்கள் வகுப்பில் தினமும் நடக்கிறதுதானே என்றேன். அதையும் பென்சிலால் குறித்துக்கொண்டார். வலது மூலையில் ஒரு கட்டம் மட்டும் காலியாகக் கிடந்தது. இன்னும் தெரியாத காரணத்துக்கு என்றார்.

அப்பா ஆரியசாலையில் ஒரு மொத்தக் கடையில் வேலை பார்த்தார். நடக்கிற தூரத்தில் ஒரு சந்தில் எங்கள் வீடு. மூன்று வருஷமாக அங்கே இருந்தும் அம்மாவை ஒரு வீட்டுக்காரரும் உள்ளே வா என்று அழைத்ததில்லை. பொல்லாதவர்கள் என்று சொல்ல முடியாது, பார்த்தால் சிரிப்பார்கள். ஆனால் தபால்காரருக்கு வழி சொல்லும்போது எங்கள் வீடு 'பாண்டிகளின் வீடு' ஆகிவிடும்; தமிழர்களுக்கு அங்கே இளக்காரமாக வைத்த பெயர் அது. மாலையில் சந்துப் பெண்கள் வாசலில் கூடிப் பேசுவதை அம்மா மொட்டைமாடிக் கைப்பிடிச் சுவரில் சாய்ந்து பார்த்துக்கொண்டு நிற்பாள். துணி எப்போதோ காய்ந்திருக்கும், எடுக்க மாட்டாள்.

அம்மாவுக்கென்று இருந்தது ஒரே ஒரு ஆள்தான். எதிர்ச் சந்தில் தையல் கடை வைத்திருந்த சேச்சி. எனக்குப் பாவாடை தைத்து, மிஞ்சிய துணியில் என் பொம்மைக்கும் ஒன்று தைத்துத் தருவாள். ஆற்றுக்கால் அம்மனுக்குப் பெண்கள் தெருவிலேயே பொங்கலிடும் பொங்காலைக்கு முதல்முதலாக அம்மாவைக் கூட்டிக்கொண்டு போனதும் அவள்தான். அன்றைக்கு நகரத்துத் தெருவெல்லாம் பெண்கள், ஆளுக்கு மூன்று செங்கல், ஒரு மண்பானை. கோயிலில் மூட்டிய தீ அடுப்பிலிருந்து அடுப்புக்குக் கை மாறி மைல் கணக்கில் போகும். கல்லை எப்படி வைப்பது, பக்கத்து அடுப்பிலிருந்து தீயை எப்படி வாங்குவது என்றெல்லாம் அம்மா அவளிடம்தான் கற்றுக்கொண்டாள்.

இரண்டு சந்துக்கும் பொதுவாக, சாலையோரத்தில் ஒரு பெரிய தூங்குமூஞ்சி மரம் நின்றது. மாசி வெயிலில் அதன் நிழலில் அடுப்பு கிடைப்பது பெரிய பாக்கியம். அதனால் நாலைந்து நாள் முன்பே கல்லைக் கொண்டு வைத்து, சாக்குக்கட்டியால் பெயர் எழுதி இடம் பிடித்துவிடுவார்கள். அந்த வருஷம் இரண்டு சந்துக் குடியிருப்போர் சங்கங்களும் பேசி, நிழலின் நடுவே சுண்ணாம்பால் ஒரு கோடு வேறு கிழித்திருந்தன.

பொங்காலைக்கு மூன்று நாள் இருக்கையில், ஒரு சாயங்காலம், அந்த மரத்தடிக்கு நான் மட்டும் போனேன். வெயில் சாய்ந்து சாலை முழுக்கச் செம்பொன்னாகக் கிடந்தது. மரத்து இலைகள் தூங்கப்போவதற்காக ஒவ்வொன்றாக மடங்கிக்கொண்டிருந்தன. மூன்று மூன்றாக இருந்த கற்கள் எனக்குக் கூரை இல்லாத வீடுகளாகத் தெரிந்தன. அந்த வீடுகளுக்குள் யாரோ விளக்கேற்றப் போகிறார்கள் என்று தோன்றியது. பாவம், அவர்களுக்கு ஒரு தெருகூட இல்லையே என்று ஒரு கல்லை நகர்த்தினேன். பிறகு பள்ளிக்கூடம் வேண்டியிருந்தது, பஸ் ஸ்டாண்டும் சந்தையும் வேண்டியிருந்தன. அந்தப் பக்கத்துக் கல்லை இங்கும், இந்தப் பக்கத்துக் கல்லை அங்குமாகத் தூக்கிக்கொண்டு போனேன். சந்தையின் குறுக்கே சுண்ணாம்புக் கோடு வந்தது, காலால் தேய்த்துவிட்டேன். எவ்வளவு நேரம் என்று தெரியாது. அம்மா கூப்பிடுகிற சத்தம் கேட்டதும் ஊரை அப்படியே விட்டுவிட்டு வீட்டுக்கு ஓடினேன்.

காலையில் என் ஊரைச் சுற்றி இரண்டு சந்தும் நின்றுகொண்டிருந்தது. எங்கள் கல்லை எடுத்துப் போட்டது நீங்கள்தான் என்று அவர்களும், எங்கள் கல்லை நீங்கள்தான் என்று இவர்களும். எங்கள் சங்கச் செயலாளரின் மனைவி சட்டென்று அம்மாவைத் திரும்பிப் பார்த்தாள். எங்கள் மொட்டைமாடியிலிருந்து பார்த்தால் மரத்தடி நேராகத் தெரியும். அத்தனை பெண்களும் அம்மாவின் முகத்தையே பார்த்தார்கள்.

"அந்தப் பக்கத்துலேருந்து ஆரோ வந்து கல்ல மாத்தினத நான் கண்டேன்" என்றாள் அம்மா.

கல்லை மாற்றியது நான்தான். ஆனால் அம்மா பொய் சொல்ல மாட்டாள். அப்படியென்றால் நான் போன பிறகு இன்னொரு ஆள் வந்திருக்க வேண்டும். இருட்டில் என் ஊருக்குள் நடந்து, என் பஸ் ஸ்டாண்டைத் தாண்டிப் போன அந்த ஆளை நினைத்துக்கொண்டே நின்றேன்.

எதிர்ச் சந்திலிருந்து ஒரு குரல், பாண்டிகள் பேச்சைக் கேட்டா எங்கள்மேல் பழி போடுகிறீர்கள் என்றது. நேற்றுவரை எங்களை அப்படியே அழைத்த செயலாளரின் மனைவிக்கு வந்ததே கோபம். "இது நம்முடெ ஆளாணு" என்று அம்மாவைத் தன் பக்கமாக இழுத்து அணைத்துக்கொண்டாள். அதற்குள் ஆண்களும் வந்துவிட்டார்கள். மாமா நோட்டும் கையுமாக வாசலில் நின்று பரவசத்தோடு எழுதிக்கொண்டிருந்தார். சேச்சி கூட்டத்தைப் பிளந்துகொண்டு அம்மாவை நோக்கி வந்தாள், கையை நீட்டியபடி. எங்கள் பக்கத்திலிருந்து பறந்த ஒரு செங்கல் அவள் புருவத்துக்கு மேல் விழுந்தது. எறிந்தது யார் என்று எங்கள் சந்தில் எல்லோருக்கும் தெரியும், யாரும் சொல்லவில்லை. நாலு தையல் போட்டார்கள்.

அன்று மாலை எங்கள் வீடு நிறையப் பெண்கள். முதல் முறையாக எங்கள் டம்ளர்கள் போதவில்லை. அம்மா சுக்குக் காப்பி போட்டுப் போட்டுக் கொடுத்தாள். அவள் அவ்வளவு உரக்கச் சிரித்து நான் கேட்டதில்லை. எல்லோரும் என் கன்னத்தைக் கிள்ளினார்கள். எனக்கு அழுகையும் வந்தது, சந்தோஷமாகவும் இருந்தது.

மறுநாள் தாங்க முடியாமல் மாமாவிடம் போய், சண்டைக்குக் காரணம் ஒரு சின்னப் பெண் விளையாடியது என்றால் அதற்கு எந்தக் கட்டம் என்று கேட்டேன். அவர் தாளிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "தீக்குச்சி யாருன்னு தேடப்பிடாது மருமகளே, வைக்கோல ஆரு குவிச்சான்னு பாக்கணும்" என்றார். பிறகு நிழல் பற்றாக்குறை, சங்கத் தேர்தல், பாண்டி என்ற சொல் என்று ஒவ்வொரு கட்டத்துக்கும் எங்கள் சண்டையிலிருந்து ஒன்றை எடுத்து எழுதினார். காலிக் கட்டம் காலியாகவே இருந்தது. அது எனக்கானது என்று நான் முடிவு செய்துகொண்டேன்.

பொங்காலையன்று மரத்தடியில் இரண்டு வரிசை, நடுவே புதுச் சுண்ணாம்புக் கோடு. கோயில் இருக்கும் திசையில் அவர்களுடைய வரிசை, அதனால் தீ முதலில் அவர்களுக்குத்தான் வந்தது. அவர்கள் பானையெல்லாம் புகைந்தது. எங்கள் பானையெல்லாம் குளிர்ந்து கிடந்தது. கேட்க இவர்களுக்கு வாய் வரவில்லை, கொடுக்க அவர்களுக்கு மனம் வரவில்லை. கொஞ்ச நேரத்தில் புகை கனத்து, மரமும் சாலையும் கோடும் மறைந்தன. நகரமே எங்கோ மேலே மிதந்துகொண்டிருப்பதாகத் தோன்றியது. அந்தப் புகைக்குள்ளிருந்து சேச்சி வந்தாள். நெற்றியில் வெள்ளைக் கட்டு, கையில் எரியும் ஓலை.

"கை பொள்ளாம நோக்கணும், கேட்டோ" என்று அம்மாவிடம் நீட்டினாள்.

அம்மா குனிந்த தலை நிமிராமல் வாங்கினாள். அவள் அடுப்பிலிருந்துதான் எங்கள் சந்து முழுக்கத் தீ போயிற்று. அடுத்த வருஷம் சேச்சி கடையைக் காலி செய்துவிட்டு விதுரா பக்கம் தன் அண்ணன் வீட்டுக்குப் போய்விட்டாள்.

மாமா பட்டம் வாங்கி, வேலை கிடைத்து, வேறு ஊருக்குப் போனார். போன பொங்காலைக்குக் கல் வைக்கும்போது, முப்பதை நெருங்குகிற வயதில், அம்மாவிடம் என் குற்றத்தை ஒப்புக்கொண்டேன். அவள் ஆச்சரியப்படவில்லை.

"தெரியும். துணி எடுக்க வந்தேன். நீ கல்லு கல்லா தூக்கிட்டுப் போறத பாத்துட்டே நின்னேன். அழகா இருந்துச்சு" என்றாள்.

பின்னே ஏனம்மா அப்படிச் சொன்னாய் என்று கேட்டேன். கையிலிருந்த கல்லை மண்ணில் அழுத்தி வைத்தாள்.

"உன்ன அடிச்சிருவாவளோன்னு ஒரு பயம். அதுவும் உண்டு. ஆனா மூணு வருசத்துல அன்னைக்கித்தான் அம்புட்டு பேரும் என் முகத்தப் பாத்து ஒரு வார்த்த கேட்டாவ மக்களே."

சேச்சி தீ கொடுத்த அந்த வருஷம், மதியம் பொங்காலை முடிந்து எங்கள் சந்துப் பெண்கள் ஆளாளுக்கு எங்கள் இலையில் பாயசம் கொண்டுவந்து வைத்தார்கள். கடைசியாக, கோட்டுக்கு அந்தப் பக்கத்திலிருந்து சேச்சியும் ஒரு வாழையிலைத் துண்டில் கொடுத்தனுப்பினாள். அம்மா அதை மடியில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தாள், வாயில் வைக்கவில்லை. வந்த பாயசத்தையெல்லாம் தின்று அவளுக்கு இனிப்பு திகட்டிவிட்டது என்று நினைத்து, அவள் பங்கையும் நானே வழித்துத் தின்றேன்.