கொள்முதல் பயணம்

என் மனைவியின் நோயை வருமான வரிக் கணக்கில் திராட்சை என்று எழுதினேன். ஆம்... திராட்சை!

நான் கம்பம் பக்கத்துக் கூடலூரில் திராட்சை வியாபாரி. சுருளிப்பட்டி, அனுமந்தன்பட்டித் தோட்டங்களுக்குப் போய்ப் பழம் பேசி வாங்க ஒரு கார் வைத்திருக்கிறேன். தொழிலுக்காக ஓடிய ஓட்டத்தின் டீசலையும் பழுதுச் செலவையும் வருமானத்தில் கழித்துக்கொள்ளச் சட்டமே இடம் தருகிறது. அதில் பாவமில்லை.

ஆனால் அதே காரில்தான் என் மனைவி செல்வியை வாரம் இருமுறை தேனிக்கு டயாலிசிஸுக்கு அழைத்துப் போனேன். அந்தப் பயணங்களையும் ‘கொள்முதல்’ என்றே எழுதினேன். ஏன்? வறுமையா? இல்லையே! கை பழகிவிட்டது... அவ்வளவுதான்.

ஒருநாள் என் கணக்கைப் பார்க்கும் ஆடிட்டர் வீட்டுக்கே வந்தார். நேர்மையான மனிதர்.

“கார் செலவுக்கு வரி ஆபீஸ்ல வெளக்கம் கேட்டிருக்காகண்ணே. சொந்த ஓட்டம் இருந்தா இப்பவே சொல்லிருங்க. அந்தப் பங்க மட்டும் எடுத்துட்டு, மிச்ச வரியக் கட்டிட்டாப் போதும்.”

“சொந்த ஓட்டமே கெடையாது” என்றேன்.

அவர் பார்வை செல்வியின் பக்கம் திரும்பியது. ஊசி ஏறிய கையில் கட்டுடன் நின்றிருந்தாள்.

“மதினி, நீங்க தேனிக்கு எதுல போறீக?”

அவள் என்னைப் பார்த்தாள். நான் என்ன செய்தேன் தெரியுமா உங்களுக்கு? சுவரைப் பார்த்தேன்!

“பஸ்லதான் தம்பி” என்றாள்.

அடுத்த முறை கார்க் கதவைத் திறந்துவைத்து நின்றேன். அவளோ பையை எடுத்துக்கொண்டு பஸ் நிறுத்தத்தை நோக்கி நடந்தாள்.

“ஏறு செல்வி... என்ன இது?”

“பஸ்லதான்னு சொல்லிட்டேன்ல. சொன்னது நெசமாவே இருந்துட்டுப் போகட்டும்.”

குரலில் கோபமே இல்லை.

நான் தடுத்திருக்க வேண்டாமா? ஆடிட்டரை அழைத்து உண்மையைச் சொல்லியிருக்க வேண்டாமா? சொல்லவில்லை. இனி யார் விசாரித்தாலும், அவளைப் பஸ்ஸில் பார்த்ததாகத்தான் ஊர் சொல்லும் என்று நெஞ்சின் ஒரு மூலை நிம்மதி அடைந்தது! சீ... நானும் ஒரு மனிதனா?

கணக்கு அப்படியே ஏற்கப்பட்டது.

செல்வி இன்னும் பஸ்ஸில்தான் போகிறாள். சிகிச்சை முடிந்து திரும்புகையில் உடம்பில் தெம்பே இராது. ஒருநாள் கம்பம் பேருந்து நிலையத்தில் மயங்கிச் சரிந்தாள். பூ விற்கும் பெண்ணொருத்தி மடியில் தாங்கியிருக்கிறாள். செய்தி கேட்டு ஓடினேன். “வேணாங்க” என்று மட்டும் சொல்லிவிட்டு, அடுத்த பஸ்ஸுக்குக் காத்திருந்தாள்.

அன்று முதல் அவள் ஏறும் பஸ்ஸுக்குப் பின்னாலேயே வெறும் காரை ஓட்டிக்கொண்டு போகிறேன். அவள் தலை தெரிகிறதா என்று பார்த்தபடியே... ஒருமுறைகூட அவள் திரும்பிப் பார்த்ததில்லை.

இதைக் கேட்டு உங்களுக்கு என்மேல் சற்றே இரக்கம் பிறந்திருக்கலாம். வேண்டாம்.

அந்த ஓட்டத்தின் டீசலையும் இந்த ஆண்டு தொழில் செலவில்தான் சேர்த்திருக்கிறேன்.