ஜமைக்காக்காரருக்கு மீமிசலில் ஒரு பிளெக்ஸ்

கப்பலில் சமையல் உதவியாளாக இருந்தபோது, கூட வேலை பார்த்த ஜமைக்காக்காரர் ஒரு பென் டிரைவ் கொடுத்தார். அவர் ஊரில் யாரோ கைக்காசைப் போட்டு எடுத்து, தியேட்டர் பக்கமே போகாமல் கைமாறிக் கைமாறிப் பரவிய ரவுடிப் படம். அதற்கு லண்டன், டோக்கியோ என்று எங்கெங்கோ பைத்தியங்கள் உண்டு. அவர்களுடைய வாட்ஸ்அப் குழுவில் நானும் சேர்ந்தேன். லீவில் மீமிசலுக்கு வந்ததும் கூட்டாளிகள் மூன்று பேருக்குப் போட்டுக் காட்டினேன். ஒரு வரி பேச்சு புரியவில்லை. ஆனாலும் திரும்பத் திரும்பப் பார்த்தோம்.

ஒருநாள் காலையில், அதில் நடித்த கதாநாயகன் இறந்துவிட்டதாகக் குழுவில் செய்தி வந்தது. வதந்திதான், மனிதர் இன்றைக்கும் கல்லுக்குண்டு மாதிரி இருக்கிறார். அது தெரிய எங்களுக்கு இரண்டு நாள் ஆயிற்று. லண்டன்காரர்கள் மெழுகுவத்தி ஏற்றினார்கள். எங்கள் ஊரில் இறந்தவருக்கு மரியாதை என்றால் பிளெக்ஸ்தான். கூட்டாளிகள் பார்த்துக்கொள்வதாகச் சொன்னார்கள். மறுநாள் பெண் வீட்டார் எங்கள் வீடு பார்க்க வருகிற அலைச்சலில் நானும் தலையாட்டிவிட்டேன்.

அவர்கள் வந்து எங்கள் வீட்டில் கை நனைத்தால் சம்மதம் என்று அர்த்தம். எனக்கோ பெண்ணை ரொம்பப் பிடித்திருந்தது. இலை போட்டுக் காத்திருந்த நேரத்தில் பெண்ணின் அப்பா போன் செய்தார்.

"தீட்டு வீட்டுல எப்படிங்க கை நனைக்கிறது? வேனத் திருப்பச் சொல்லிட்டேன்."

பைக்கை முறுக்கிக்கொண்டு பஸ் ஸ்டாப்புக்குப் பறந்தேன். நல்லவேளை, வேன் நின்றிருந்தது. அதற்கு எதிரே கறுப்புக் கண்ணாடியோடு அந்த நடிகர், மேலே கண்ணீர் அஞ்சலி. கீழே எங்கள் நால்வர் முகம். அதில் பெரிதாக இருந்தது நான், பெண் வீட்டுக்குக் கொடுத்த அதே போட்டோ. கடைக்காரர் பழைய பிளெக்ஸில் இருந்த 'பிரிவால் வாடும் குடும்பத்தினர்' என்ற வரியை எடுக்காமலே அடித்திருந்தார். கூட்டாளிகளை அங்கேயே கடித்துத் துப்பியிருப்பேன்.

போனில் படத்தை ஓடவிட்டு, சத்தியம் செய்யாத குறையாக விளக்கினேன். வேனில் இருந்தவர்கள் ஆளுக்கொரு பக்கம் எட்டிப் பார்த்தார்கள். பெண்ணின் அப்பா மட்டும் முகம் தெளியாமல், யாரோ கூத்தாடி செத்ததற்கு உங்களுக்கு என்ன வந்தது என்று கேட்டார்.

பொய் சொல்ல வரவில்லை. கப்பலில் வீட்டு நினைப்பு வாட்டிய நாளெல்லாம் அந்தப் படம்தான் துணை, அதில் வருகிற தகர வீடும் கடற்கரையும் மீன் சுடுகிற புகையும் நம் ஊர் போலவே இருக்கும், செய்தி வந்தபோது அழுதுவிட்டேன் என்றேன். சொல்லும்போதே வெட்கமாக இருந்தது. வேனுக்குள் யாரோ சிரித்தார்கள்.

பெண்ணின் அம்மா சிரிக்கவில்லை. கணவரைப் பார்த்துச் சொன்னார்.

"முன்ன பின்ன தெரியாத ஆளுக்கே அழுகுறவரு, நம்ம பொண்ணு கண்ணு கலங்குனா பாத்துக்கிட்டா இருப்பாரு? வண்டிய எடுக்கச் சொல்லுங்க. எலை காயுது, போயி கை நனைப்போம்."