வான்வேங்கைக்கு ஊர் இல்லை

போன ஞாயிற்றுக்கிழமை ஹட்டன் டவுனில் ஒரு சண்டை. கைகலப்பு இல்லை. வாய்ச்சண்டைதான்.

நான் கருவாடு வாங்கப் போனவன். ஹனிபா நானாவின் டிவி ரிப்பேர் கடை வாசலில் கூட்டம். முப்பது பேர் இருக்கும். மழை விட்டுக் கால்மணி நேரம் ஆகியும் விரித்த குடையை ஒருவரும் மடக்கவில்லை. அப்படி என்னத்தைப் பார்க்கிறார்கள்? நானும் தலையை நுழைத்தேன்.

மேசை மேல் ஒரு டிவி. அதிலிருந்து ஒயர் போய் ஒரு சின்னப் பெட்டியில் முடிகிறது. பள்ளிக்கூட சிலேட்டு அளவு. மேலே வரிசையாக இங்கிலீஷ் எழுத்துக் கட்டைகள். அதுதான் கம்ப்யூட்டராம். நானாவின் மச்சான் துபாயிலிருந்து கொண்டுவந்தது. கொண்டுவந்தவருக்கு அதை வைத்து என்ன செய்வதென்று தெரியவில்லை. கடையில் ரிப்பேர் பார்க்கும் செல்வராஜுக்குத் தெரிந்துவிட்டது. கூட வந்த புத்தகத்தை வைத்துக்கொண்டு ஏழெட்டு மாதம் மல்லுக்கட்டினான். இப்போது அவனே சொந்தமாக ஒரு கேம் செய்துவிட்டான்.

செல்வராஜ் அக்கரப்பத்தனைப் பக்கம் எங்கள் தோட்டத்து லய வரிசை வீடுகளில் பிறந்து வளர்ந்தவன். என் வீட்டுக்கு நாலு காம்பிரா தள்ளி அவன் வீடு. இருபத்தாறு வயது இருக்கும். சித்திரக்கதைப் பைத்தியம்.

கேமிலும் சித்திரக்கதை வீரர்கள்தான். புயல்மாறன் இருக்கிறான். கல்மார்பன் இருக்கிறான். இன்னும் ஆறேழு பேர். எல்லோரும் புள்ளி புள்ளியாக. நீங்கள் ஒருவனைப் பிடித்துக்கொள்ள வேண்டும். அவன் தேயிலை மலையில் ஏறுவான். மேலிருந்து அட்டை விழும். கடிபடாமல் கொழுந்துச் சாக்கைச் சுமந்து, வேலை முடியும் சங்கு ஊதுவதற்குள் தேயிலை ஸ்டோரில் சேர்க்க வேண்டும்.

ஊரையே தூக்கி நிறுத்தும் வீரர்கள் கொழுந்து சுமக்கிறார்கள்... நன்றாகத்தான் இருந்தது.

ஒரே ஒரு குறை. வான்வேங்கை இல்லை.

சித்திரக்கதை படிக்கும் யாரைக் கேட்டாலும் முதலில் சொல்லும் பெயர் அது. பறப்பவன். பாறையைப் பிளப்பவன். அவன் படம் போட்ட புத்தகம் வந்தால் கடையில் அன்றைக்கே தீர்ந்துவிடும். அவன் இல்லாமல் ஒரு கேமா?

சண்டையைத் தொடங்கியது லாரி டிரைவர் ராமையா. நாற்பது வயது ஆள். மூன்று பிள்ளைகளுக்குத் தகப்பன்.

“ஏய் செல்வராசு! வான்வேங்கை எங்கடா?”

“இல்லண்ணே.”

“இல்லன்னா? ரெண்டு பஸ் மாறி வந்திருக்கேன்டா நான்!”

“கல்மார்பன எடுங்கண்ணே. நல்லா ஓடுவான்.”

“கல்மார்பன் யாருக்கு வேணும்? அவனும் அவன் மூஞ்சியும். திருவிழாவுல சாமிய வுட்டுட்டு வெறுந்தேர இழுக்கிறியா நீ?”

கூட்டம் சிரித்தது. பிறகு ஆளுக்கு ஆள் பேசத் தொடங்கியது. அவன் பறந்துவிடுவான், கேம் ஒரு நிமிஷத்தில் முடிந்துவிடும், அதனால்தான் போடவில்லை என்றார் ஒருவர். இவனுக்கு வரையத் தெரியவில்லை என்றார் இன்னொருவர். செல்வராஜ் எதற்கும் வாய் திறக்கவில்லை. திறக்காதவனைப் பார்த்தால் கூட்டத்துக்கு இன்னும் கோபம் வரும். வந்தது. ராமையா மேசையில் தட்டிய தட்டில் டிவியில் கோடு கோடாக ஓடியது.

ஹனிபா நானா பொறுமைசாலி. அவருக்கே பொறுக்கவில்லை.

“இங்க பாரு தம்பி. அடுத்த ஞாயித்துக்கெழமைக்குள்ள அந்த மனுசன் உள்ள வரணும். வரல்லன்னா பெட்டிய மூடிட்டு வீடியோ படம் போட்டுருவேன். அதுக்கு ஒருத்தரும் சண்டைக்கு வர மாட்டாங்க.”

பெட்டி நானாவுடையது. டிவியும் நானாவுடையது. செல்வராஜுடையது அந்த ஏழெட்டு மாதம் மட்டும்தான். வேலை முடிந்த பிறகும், சாப்பாட்டு நேரத்திலும், லீவு நாளிலும் குனிந்து குனிந்து செய்தது. பெட்டியை மூடினால் அவ்வளவும் போச்சு.

நானா என்னைப் பார்த்துவிட்டார்.

“அண்ணே, ஒங்க லயத்துப் பையன்தானே. நீங்க சொன்னா கேப்பான். நாலு வார்த்த சொல்லுங்க.”

சொல்கிறேன் என்றேன். கருவாடு வாங்க மறந்துவிட்டேன்.

செவ்வாய்க்கிழமை போனேன். கடையில் ஆள் இல்லை. செல்வராஜ் ஒரு பழைய ரேடியோவைப் பிரித்து வைத்து ஈயம் பற்றவைத்துக்கொண்டிருந்தான்.

“என்னடா பிடிவாதம்? அவனையும் போட்டுத் தொலையேன்.”

“முடியாதுண்ணே. பெரட்டுல நிக்க மாட்டேங்கிறான்.”

எனக்குப் புரியவில்லை. டிவியைப் போட்டுக் காட்டினான். ஞாயிற்றுக்கிழமை கூட்டத்தில் இதை நான் பார்க்கவில்லை. மலையில் ஏறுவதற்கு முன்னால் ஒரு பெரட்டுக்களம் வருகிறது. காலையில் நாம் பெயர் கொடுத்துவிட்டு வேலைக்கு இறங்குவோமே, அதே களம். வீரர்கள் வரிசையாக நிற்கிறார்கள். ஒருவனை எடுத்தால் மூன்று கட்டம் வரும். பெயர். தகப்பன் பெயர். பிறந்த ஊர். மூன்றும் நிரம்பினால்தான் வீரன் நகர்வான். ஒன்று காலியாக இருந்தாலும் அப்படியே நிற்பான்.

பழைய புத்தகங்களை எல்லாம் புரட்டி, புயல்மாறனுக்குத் தகப்பன் யார், கல்மார்பன் எந்த ஊர் என்று கண்டுபிடித்து நிரப்பியிருக்கிறான். வான்வேங்கைக்கு மட்டும் இல்லை. முதல் புத்தகத்திலேயே அவன் கைக்குழந்தை. ஆளில்லாத தோணியில் கரை ஒதுங்குகிறான். மீன்பிடிக்கிறவர்கள் எடுத்து வளர்க்கிறார்கள். தகப்பன் யாரோ, ஊர் எதுவோ... கதை எழுதியவருக்கே தெரியாது போல.

“வெளையாட்டுதானடா. இதுக்கு எதுக்கு ஊரும் பேரும்?”

அவன் என்னை விநோதமாகப் பார்த்தான்.

“பேரு குடுக்காம எப்பிடிண்ணே மலைக்கு எறங்குறது?”

நக்கலாகக் கேட்கவில்லை. நிஜமாகவே கேட்டான்.

யோசித்துப் பாருங்கள். வேறு தேசத்துப் பையன் இதைச் செய்திருந்தால் வீரன் வந்ததும் பறந்திருப்பான். நம் பையன் செய்தால் வீரனும் காலையில் வரிசையில் நின்று தகப்பன் பெயர் சொல்கிறான். எந்தக் கதையைத் தொடங்கினாலும் நமக்கு அங்கிருந்துதான் வருகிறது.

நான் வான்வேங்கையின் பிறந்த ஊர்க் கட்டத்தைப் பார்த்தேன். சின்னக் கட்டம். விட்டு விட்டு மின்னியது.

“ஏதாச்சும் ஒரு ஊரப் போட்டு வுடேன். யாரு வந்து பாக்கப் போறா?”

சுலபமாக வந்துவிட்டது வாயில்.

செல்வராஜ் கையில் இருந்ததைக் கீழே வைத்தான்.

“அப்பிடித்தானேண்ணே வேலண்ணனுக்கும் போட்டாங்க.”

வேலு யார் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டும். இத்தனை வருடம் இந்தப் பத்திரிகைப் பக்கத்தில் எதை எதையோ எழுதியிருக்கிறேன். இதை எழுதியதில்லை.

வேலு செல்வராஜின் அண்ணன். கூடப்பிறந்தவன் இல்லை. ஒரு நாள் எங்கள் லயத்துக்கு ஒரு பெண் வந்தாள். இடுப்பில் பிள்ளை. உடம்பில் காய்ச்சல். எந்தத் தோட்டத்திலிருந்து வந்தாள் என்று சொல்லும் நிலையில் அவள் இல்லை. மூன்றாம் நாள் கண்ணை மூடிவிட்டாள். பிள்ளைக்கு ரெண்டு வயது இருக்கும். செல்வராஜின் அப்பா மாரிமுத்துவுக்கு அப்போது பிள்ளை இல்லை. எடுத்து வளர்த்தார். செல்வராஜ் பிறகு பிறந்தவன். அவனுக்கு எழுத்துக் கூட்டிப் படிக்கச் சொல்லிக்கொடுத்ததே வேலுதான். வான்வேங்கை புத்தகத்தை வைத்துத்தான்.

அப்புறம் இலங்கைப் பிரஜாவுரிமைக்கு மனுப்போடும் காலம் வந்தது. வேலு அதற்குள் ஆளாகிவிட்டான். அவனுக்குத் தனி ஃபாரம். லயத்தில் எழுதத் தெரிந்தவர்கள் குறைவு. நான் அஞ்சாம் வகுப்பு. படிப்பு அவ்வளவுதான், ஆனால் கையெழுத்து திருத்தமாக இருக்கும். முக்கால்வாசிப் பேருக்கு நான்தான் நிரப்பினேன்.

வேலுவின் ஃபாரத்தில் பெயர் எழுதினேன். தகப்பன் பெயர் மாரிமுத்து என்று எழுதினேன். பிறந்த ஊர் என்ற இடத்தில் நின்றுவிட்டேன்.

“காலியா வுடாதப்பா. போன தடவ ஒருத்தரு ஃபாரம் காலியா இருக்குன்னுதான் திரும்பி வந்துச்சு. ஏதாச்சும் எழுது,” என்றார் மாரிமுத்து.

எனக்குத் தெரிந்தது ஒரே ஊர். என் அப்பா பிறந்ததாகச் சொல்வார், முசிறிக்குப் பக்கத்தில். நான் பார்த்ததில்லை. அதையே எழுதினேன். எழுத்து நன்றாக விழுந்தது. கட்டம் நிறைந்தது. நிம்மதியாக இருந்தது.

வருடக்கணக்கில் பதில் இல்லை. பிறகு வந்தது. மாரிமுத்துவுக்கும் அவர் வீட்டுக்காரிக்கும் செல்வராஜுக்கும் இங்கே பிரஜாவுரிமை. வேலு இந்தியாவில் பிறந்தவன், அதனால் அவன் இந்தியாவுக்கு.

மாரிமுத்து ஆபீஸ் ஆபீஸாக நடந்தார். எழுதியது பொய் என்று சொன்னார். பொய் எழுதியதற்கு ஜெயில், சம்மதமா என்று கேட்டார்கள். திரும்பி வந்துவிட்டார்.

நானுஓயா ஸ்டேஷனுக்கு நானும் போனேன். பிளாட்பாரம் முழுக்க அழுகை. யார் யாரைக் கட்டிக்கொண்டு அழுகிறார்கள் என்றே தெரியவில்லை. வேலு அழவில்லை. தகரப்பெட்டியை ஏற்றிவிட்டு என்னிடம் வந்தான்.

“அண்ணே, அந்த ஊருக்கு எங்க எறங்கி எந்தப் பக்கம் போகணும்? நீங்கதானே எழுதுனீங்க.”

தெரியாதுப்பா என்றேன்.

ஒரே ஒரு கடிதம் வந்தது. அந்த ஊரில் யாருக்கும் அவனைத் தெரியவில்லை. யார் மகன், எந்தத் தெரு என்று கேட்டிருக்கிறார்கள். பதில் சொல்ல முடியாமல் நீலகிரிப் பக்கம் தேயிலை வேலைக்குப் போய்விட்டானாம். அதற்குப் பிறகு கடிதம் இல்லை. மாரிமுத்துவும் இல்லை இப்போது.

கடையில் நான் ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்தேன். வெளியே பஸ்காரன் நோட்டன் பிரிட்ஜ், நோட்டன் பிரிட்ஜ் என்று கத்திக்கொண்டிருந்தான்.

“அந்த ஊர எழுதுனது நான்தான் செல்வராசு.”

“தெரியும்ணே.”

“எப்பிடி?”

“ஸ்டேஷன்ல வேலண்ணன் ஒங்ககிட்ட கேட்டப்ப பக்கத்துலதானே நின்னேன்.”

நான் அவனைக் கவனித்த ஞாபகம் இல்லை. பத்துப் பன்னிரண்டு வருடமாக இவன் என்னைக் கண்டால் அண்ணே என்கிறான். என் ரேடியோவை ரெண்டு தடவை திருத்திக் கொடுத்திருக்கிறான்.

“கோவம் இல்லையாடா?”

“இருந்துச்சு.” மறுபடி ரேடியோவை எடுத்தான். “ரொம்ப நாளு இருந்துச்சு. பிளேன்டீ சொல்லவா?”

வேண்டாம் என்றேன். பிறகு குடித்தேன்.

“கட்டம் காலியா இருந்தாலும் உள்ள வுடுற மாதிரி மெஷின மாத்த முடியாதா?”

“பத்து நிமிஷ வேலைண்ணே.”

“அப்ப செய்யேன்.”

“எங்கண்ணே அப்பிடி வுட்டாங்க? கண்ணால கண்டதத்தானே நான் போட முடியும். பொய்யா ஒரு ஊரும் எழுத மாட்டேன், சும்மாவும் உள்ள வுட மாட்டேன். அவன் வெளியவே நிக்கட்டும். நானா மூடுனா மூடட்டும்.”

பின்னால் யாரோ தொண்டையைச் செருமினார்கள். ஹனிபா நானா. எப்போது வந்தாரோ தெரியாது. நெற்றியைத் தேய்த்துக்கொண்டு நின்றார்.

“பெட்டி இருக்கட்டும் தம்பி,” என்றார். “ஆனா அந்த லாரிக்கார மனுசன் ஞாயித்துக்கெழம வந்து கத்துவாரு. நான் என்னத்தச் சொல்ல?”

செல்வராஜ் தலையைத் தூக்கவில்லை.

“ஃபாரம் போட்டிருக்கு, பதில் இன்னும் வரலேன்னு சொல்லுங்க நானா.”

நானா சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன். செல்வராஜ் சிரிக்கவில்லை.

ஆகவே ஹட்டன் பக்கம் போகும் வாசகர்களே... யாரும் மேசையைத் தட்டாதீர்கள். வான்வேங்கை வர மாட்டான். காரணம் கேட்டால் ராமையாவுக்கே புரிந்துவிடும். அவர் வீட்டிலும் ரெண்டு பேருக்குப் பதில் வரவில்லை.

என் வேலை இன்னும் ஓயவில்லை. கண் மங்கிவிட்டது, ஆனாலும் ஃபாரத்தைத் தூக்கிக்கொண்டு வருகிறார்கள். முந்தாநாள் ஒரு அம்மா வந்தார். புருஷன் பிறந்த ஊர் அவருக்குத் தெரியவில்லை. அது தெரிந்த புருஷனும் உயிரோடு இல்லை.

“ஏதாச்சும் ஒண்ண எழுதிருங்கண்ணே.”

‘தெரியாது’ என்று எழுதினேன்.

“ஐயையோ, திருப்பி அனுப்பிருவாங்களே!”

“அனுப்பட்டும்மா. மறுபடி இதையே எழுதுவோம்.”

நாலே எழுத்து. எந்தக் கட்டத்திலும் அடங்கும். எனக்குத்தான் அன்றைக்கு வேலுவுக்கு எழுதத் தோன்றவில்லை.