ஆண்டவரே, அந்தப் படத்தைக் காட்டும்

நடந்தவை இவை:

1. நயா பைசா புழக்கத்துக்கு வந்த வருஷம், அரசாங்க ஆஸ்பத்திரியில் எக்ஸ்ரே உதவியாளர் வேலைக்குத் தேர்வானேன். மிஷன் ஆஸ்பத்திரியில் அந்த வேலையை முறைப்படி படித்திருந்தேன்.

2. சேருமுன் உடல் தகுதிப் பரிசோதனைக்கு வெளியூருக்கு அழைத்தார்கள். நெஞ்சைப் படம் எடுத்தார்கள்.

3. "உடல் தகுதி இல்லை" என்று ஒரு வரிக் கடிதம் வந்தது. காரணம் இல்லை.

4. நேரில் போய்க் கேட்டேன். வலது நுரையீரலின் உச்சியில் நிழல், சயரோகமாக இருக்கலாம் என்று கோப்பைப் பார்த்துக் குமாஸ்தா சொன்னார். படத்தைக் காட்டவில்லை.

5. மிஷன் ஆஸ்பத்திரியில் மறுபடி படம் எடுத்தேன். நிழல் இல்லை. வெளியில் எடுத்த படம் செல்லாது என்று அரசாங்க ஆஸ்பத்திரியில் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

எங்கள் ஊர் வாலிநோக்கம். அய்யா உப்பளத்தில் வேலை செய்கிறார். குமாஸ்தா சொன்ன வாரமே செய்தி கிணற்றடிக்கு வந்துவிட்டது.

"நெஞ்சைப் படம் பிடிக்கப் படிச்ச புள்ளைக்கே நெஞ்சுல பூச்சியாம்ல!" என்று ஒருத்தி என் காதுபடவே சிரித்தாள்.

அதைத் தாங்கிக்கொண்டேன். அந்த ஞாயிற்றுக்கிழமையைத்தான் தாங்க முடியவில்லை. கோயிலில் திருவிருந்தின்போது திராட்சரசம் குடிக்க எல்லாருக்கும் ஒரே பாத்திரம். பக்கத்தில் முழங்காலிட்டிருந்த சபை அக்கா ஒருவர் மெதுவாகச் சொன்னார்: "நீ கடைசியா வாயேன்மா. சின்னப் புள்ளைக இருக்குதுக." அவர் கெட்டவர் அல்ல. நான் எழுந்து கடைசிக்குப் போனேன். வேலை போனால் போகட்டும், இந்த நிழலோடு எப்படி வாழ்வது என்று அன்றைக்கு நினைத்தேன்.

மறுநாள் அய்யா உப்பளத்துக்குப் போகவில்லை. "எம் புள்ளைக்கு ஒண்ணுமில்லன்னு அவுக வாயால சொல்லணும். கோர்ட்டுக்கே போவோம் தாயி" என்றார்.

இராமநாதபுரத்தில் எங்கள் சபையைச் சேர்ந்த வக்கீல் ஒருவர் இருந்தார். ஆசை காட்டாமல் பேசினார். "டாக்டர் முடிவுல கோர்ட்டு லேசுல தலையிடாதும்மா. காரணம் சொல்லல, மேல்முறையீட்டுக்கு வழி வைக்கல, இதை மட்டும் கேப்போம்." மதராஸ் உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டார்.

நான் ஜெபத்தைச் சுருக்கிக்கொண்டேன். சுகம் கேட்கவில்லை, வேலை கேட்கவில்லை. "ஆண்டவரே, அந்தப் படத்தை ஒரு தடவை என் கண்ணுக்குக் காட்டும்." காலையிலும் மாலையிலும் இதே ஒரு வரி. ஏழு மாதம். நடுவில் சில நாள் நம்பிக்கை இல்லாமலும் சொன்னேன். அதையும் மறைக்காமல் எழுதுகிறேன்.

விசாரணை முடிந்து வக்கீல் நேரே எங்கள் வீட்டுக்கு வந்தார். முகத்தில் ஆச்சரியம் மாறவில்லை.

"நான் கேக்கலம்மா. மனுவுலயும் எழுதல. ஜட்ஜ் அவராவே கேட்டார்: 'படம் எடுக்கவே படிச்ச பெண், அவளுக்கு அந்தப் படத்தைக் காட்டினீர்களா?'"

உத்தரவு இதுதான்: புதிய மருத்துவக் குழு என்னைச் சோதிக்க வேண்டும், அதற்கு முன் பழைய படத்தை எனக்குக் காட்ட வேண்டும்.

என் ஜெபத்தின் வார்த்தை நீதிபதியின் வாயிலிருந்து வந்திருந்தது. அம்மா தரையில் விழுந்து அழுதார்.

குழுவில் மூன்று டாக்டர்கள். படத்தை வெளிச்சப் பெட்டியில் மாட்டினார்கள். நிழல் இருந்தது. பிறகு படித்த முறைப்படி ஓரத்திலிருந்து பார்த்தேன்.

"சார், இந்த நிழல் நுரையீரலோட நிக்கல. கழுத்துல ஆரம்பிச்சு, தோளைத் தாண்டிப் போகுது. புரி புரியா இருக்கு."

மூத்த டாக்டர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு குனிந்தார். "அட, சடையாம்மா இது?"

"ஆமா சார். பாதி என் முடி. பாதி எங்க அம்மாவோட சவுரிமுடி."

மூவரும் சிரித்துவிட்டார்கள். எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன.

பரிசோதனைக்குப் போன காலையில், "பெரிய டாக்டருக முன்னால எலிவால் சடையோட நிக்காத தாயி" என்று அம்மா தன் சவுரியைக் கழுத்தடியிலிருந்தே வைத்து, எண்ணெய் தடவி இறுக்கிப் பின்னிவிட்டார். படம் எடுத்தவர் ஆண். வெட்கத்தில் சடையை வலது தோள்மேல் ஒதுக்கிவிட்டு நின்றேன். முடியை உச்சியில் தூக்கிக் கட்டச் சொல்ல அவர் மறந்தார். பயிற்சியில் எல்லாப் பெண்களுக்கும் அதைச் சொன்ன நானும் மறந்தேன். குற்றத்தில் எனக்கும் பங்கு உண்டு.

அன்றே முடியைத் தூக்கிக் கட்டி மறுபடி படம் எடுத்தார்கள். நெஞ்சு சுத்தம்.

வீட்டில் அம்மா, "அந்தச் சவுரியக் கடல்ல எறிஞ்சுட்டு வாரேன்" என்று கிளம்பினார். "இருக்கட்டும்மா, கல்யாண வீட்டுக்கு ஆகும்" என்று அய்யா தடுத்தார்.

இதை வாசிக்கும் சகோதர சகோதரிகளே, உங்களுக்கு எதிராக எழுதப்பட்டு, உங்கள் கண்ணுக்குக் காட்டப்படாத காகிதம் ஏதாவது இருக்கலாம். அதைக் கர்த்தர் பார்த்திருக்கிறார். அவரிடம் கேளுங்கள். வக்கீலிடமும் போங்கள். நான் இரண்டையும் செய்தேன்.

இன்றைய நிலை: அரசாங்க ஆஸ்பத்திரி எக்ஸ்ரே அறையில் வேலை செய்கிறேன். பணி நிரந்தரமாகிவிட்டது. பெண்கள் முடியை உச்சியில் கட்டும்படி நானே எழுதிய அட்டை சுவரில் தொங்குகிறது. திருவிருந்தில் அந்த அக்காவுக்குப் பக்கத்தில் முழங்காலிடுகிறேன். பாத்திரம் எனக்கு முதலில் வருகிறது, பிறகு அவருக்கு.