மருதப்பனின் மீசை

சிராங்கூன் சாலையில் மருதப்பன் என்று கேட்டால் உதட்டைப் பிதுக்குவார்கள். "டூப்பு வேந்தன்" என்றால் உடனே கை காட்டுவார்கள். நடிகர் செழியவேந்தன் செத்து இருபத்திரண்டு வருடம் ஆகிறது. ஆனாலும் மனிதர் ஓய்வதாக இல்லை. தீபாவளி மேடை, கல்யாணம், நினைவுநாள் என்று எங்கே கூப்பிட்டாலும், அவருடைய வேடத்தில் மருதப்பன்தான் போய் ஆட வேண்டும். செத்தவருக்கு என்றும் நாற்பத்தாறு வயது. இவருக்கு அறுபத்து மூன்று, இரண்டு முட்டியிலும் வலி.

நானும் மருதப்பனும் ஒரே காண்டோ அடுக்குமாடிக் குடியிருப்பில் செக்யூரிட்டி. வேலைக்கு வருமுன் தினமும் வேந்தன் பாணியில் அந்த மெல்லிய மீசையை ஒதுக்கி, மை பூசிவிட்டுத்தான் வருவார். எனக்குப் பார்க்கவே அலுப்பாக இருக்கும்.

அவருடைய அம்மா செல்லக்கண்ணு உட்லண்ட்ஸில் ஒரு முதியோர் இல்லத்தில் இருக்கிறார். எண்பத்தெட்டு வயது, மூன்று வருடமாக முதுமை மறதி. மகன் போய் நின்றால், "வாங்க வேந்தன் சார்" என்று சேலையை இழுத்துச் சரிசெய்துகொண்டு எழுந்திருக்கப் பார்ப்பார். தாதிகள் சிரிப்பார்கள். மருதப்பனும் சிரித்துவிட்டு வருவார்.

போன வாரம் அவருக்குத் தாங்கவில்லை. "ஒரே ஒரு தடவை மருதுன்னு கூப்பிட்டாப் போதும்யா. மீசை முளைக்காத என் முகமாவது அவங்களுக்கு ஞாபகம் இருக்கும்ல?" என்றார். மறுநாளே மழித்துவிட்டு வந்து நின்றார்.

நினைவுநாள் நிகழ்ச்சிக்கு எட்டு நாள்தான் இருந்தது. ஏற்பாட்டாளர் தங்கராஜு போனில் கத்தியது எனக்கே கேட்டது.

"மீசை இல்லாம உங்கள யாருண்ணே பார்ப்பாங்க? ஒட்டு மீசையெல்லாம் சரிவராது லா! நான் வேற ஆளப் பார்த்துக்கிறேன்."

முப்பது வருட மேடை அத்தோடு போயிற்று. ஞாயிற்றுக்கிழமை நானும் மருதப்பனுடன் இல்லத்துக்குப் போனேன்.

அம்மா வெகுநேரம் அவர் முகத்தையே பார்த்தார்.

"யாருப்பா நீ? வேந்தன் சார் வரலையா?"

"அம்மா, நான் மருது. உன் பையன்."

"ஞாயித்துக்கிழமைன்னா வந்துடுவாரே. ஏன் வரல?"

நொந்துபோன மனிதர் என்ன செய்வார்? வாய்விட்டுச் சொல்லிவிட்டார்.

"அவரு செத்துப் போயிட்டாரும்மா."

கிழவி ஓவென்று அழ ஆரம்பித்துவிட்டார். தாதி ஓடி வந்தாள். அம்மா மருதப்பனின் கையைப் பிடித்துக்கொண்டு விடவேயில்லை.

"வாரம் தவறாம வந்து பார்ப்பாரேப்பா. தங்கமான மனுசன். ஐயோ, அவரைப் பெத்தவ எப்படித் தாங்குவா?"