நாட்டுப்பாட்டு என்று எழுதிக் கொடுத்தவர்

ஆர்கிரிஸ் கலிவாஸ் நாற்பத்தோரு படங்களுக்கு இசையமைத்தவர். இன்று ஏதென்ஸில் அவர் பெயரைச் சொன்னால், "யாரு, குழாய் ரிப்பேர்காரரா?" என்று கேட்பார்கள். அப்படியொரு புகழ்!

அந்தக் காலத்தில் மூன்று வாரத்தில் ஒரு படத்தை முடித்துவிடுவார்கள். இசைக்கு நான்கு நாள் கிடைத்தால் பெரிய விஷயம். எந்தக் கதையானாலும் மதுக்கடையில் ஒரு பாட்டு வேண்டும், கதாநாயகன் ஆட வேண்டும், தட்டுகள் உடைய வேண்டும். மனிதர் சளைக்காமல் போட்டுக் கொடுத்தார். அத்தனையிலும் ஒன்றே ஒன்றுதான் அவருடைய உயிர். ராணுவ ஆட்சி அவருடைய அண்ணனைத் தீவுச் சிறைக்குக் கொண்டுபோன வாரத்தில், சமையலறை மேசையில் உட்கார்ந்து அழுதுகொண்டே எழுதிய பாட்டு அது. கப்பலேறிப் போனவனின் கோட்டு இன்னும் ஆணியில் தொங்குகிறது என்று தொடங்கும். அண்ணன் திரும்பி வரவே இல்லை.

எந்தப் பாட்டானாலும் முதலில் தணிக்கைக்குப் படிவம் போக வேண்டும். தயாரிப்பாளர் ஸ்பிலியோஸ் தலையில் அடித்துக்கொண்டார்.

"கலிவாஸ்ங்கிற உங்க குடும்பப் பேரைப் பாத்தாலே கிழிச்சுப் போட்ருவானுங்கய்யா! யார் எழுதினதுன்னே தெரியாத பழைய நாட்டுப்பாட்டுன்னு போடு. பாட்டு பொழைக்கணுமா வேண்டாமா?"

ஆர்கிரிஸ் தன் கையாலேயே அப்படி எழுதிக் கையெழுத்தும் போட்டார். பாட்டு பிழைத்தது. நாடே பாடியது.

ஆட்சி கவிழும்வரை அவர் வாயைத் திறக்கவில்லை. மகள் எவாந்தியாவிடம்கூடச் சொல்லவில்லை. குழந்தை பள்ளிக்கூடத்தில் உளறிவிட்டால் என்ன ஆவது? கவிழ்ந்த பிறகு, பாட்டைத் தன் பெயரில் போடுங்கள் என்று இசைக்கலைஞர் சங்கத்துக்குப் போனார். ஸ்பிலியோஸ் அதற்குள் இறந்துபோயிருந்தார். மிச்சமிருந்தது ஒரே சாட்சி, அன்று அந்தப் பாட்டுக்குப் புசூக்கி என்ற தந்தி வாத்தியம் வாசித்த திராசோஸ். அவனோ அதற்குள் அந்தப் பாட்டை வைத்தே பெரிய ஆளாகியிருந்தான்.

"எங்கப்பா அந்தக் காலத்துல ஸ்மிர்னா ஊரை விட்டு அகதியா ஓடி வந்தப்போ நெஞ்சில சுமந்துக்கிட்டு வந்த பாட்டுங்க இது," என்றான். கண்ணில் தண்ணீர் வேறு. பாவி!

சங்கத் தலைவர் பழைய படிவத்தை ஆர்கிரிஸிடம் நீட்டினார்.

"உங்க கையெழுத்துதானே? அப்போ சொன்னது பொய்யா, இப்போ சொல்றது பொய்யா?"

"அப்போ சொன்னதுங்க."

"ஆக, பொய் சொல்வீங்கன்னு நீங்களே ஒத்துக்கறீங்க."

அறையே சிரித்தது. மறுநாள் பத்திரிகைகளும் சிரித்தன. அதற்குப் பிறகு அவரைப் படத்துக்குக் கூப்பிட ஆளில்லை.

எவாந்தியாவின் கல்யாண விருந்தில் வாத்தியக்காரர்கள் அந்தப் பாட்டைத்தான் எடுத்தார்கள். எல்லோரும் கைகோத்து ஆட எழுந்தார்கள். கல்யாணப் பெண் ஓடி வந்து அப்பாவின் கையைப் பிடித்து இழுத்தாள்.

"ஆட வாப்பா!"

"இது என் பாட்டும்மா. உன் பெரியப்பாவை நெனச்சு எழுதினது. நீயாவது நம்பு."

அவள் சட்டென்று திரும்பிப் பார்த்தாள். மாப்பிள்ளை வீட்டார் கேட்டுக்கொண்டுதான் நின்றார்கள்.

"இன்னைக்கு ஒரு நாளாவது அதை விட்ருப்பா," என்றாள், பல்லைக் கடித்துக்கொண்டு. "பெரியப்பா உயிரோட இருந்திருந்தா அவருக்கே வெக்கமா இருந்திருக்கும்."

ஆர்கிரிஸ் எழுந்து போய் ஆடினார்.